கண்ணைப் பறித்த கப்பலுக்கே கேப்டனாக நடித்தவர்: எஸ்மண்ட் நைட் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய பிரிட்டிஷ் படம் எதையாவது நண்பர்களுக்குப் போட்டுக் காட்டும்போது, ஓரத்தில் நிற்கும் ஒரு ஆளைக் காட்டி "அவருக்குக் கண் தெரியாது" என்று சொல்லிவிடுவேன். அத்தோடு படம் பார்ப்பது கெட்டது. நிறுத்தச் சொல்வார்கள், கேள்விகள் வரும். ஒவ்வொரு தடவையும் அதே கேள்விகள்தான். அவற்றை அவர்கள் கேட்ட மாதிரியே இங்கே எழுதி, பதிலையும் சேர்த்திருக்கிறேன்.

யார் இந்த எஸ்மண்ட் நைட்? நான் கேள்விப்பட்டதே இல்லையே?

1906 மே 4 அன்று பிறந்து, 1987 பிப்ரவரி 23 அன்று இறந்த ஆங்கில நடிகர். 1925-ல் மேடையேறியவர். அறுபது வருஷத்துக்குக் கொஞ்சம் மேல் மேடை, சினிமா, வானொலி, தொலைக்காட்சி எல்லாவற்றிலும் வேலை பார்த்தார்.

கேள்விப்படாததில் வியப்பில்லை. போருக்கு முன்னால் கதாநாயகனாக நடித்த படங்களை இன்று யாரும் பார்ப்பதில்லை. போருக்குப் பிறகு நடித்த படங்களை உலகமே பார்க்கிறது, ஆனால் அவற்றில் இவர் கதாநாயகன் இல்லை. பழைய பிரிட்டிஷ் படங்களில் பெயர் பெற்ற பத்தை எடுத்துப் பார்த்தால் இரண்டு மூன்றிலாவது ஏதோ ஒரு மூலையில் நிற்பார்.

'நைட்' என்பது பட்டமா? நடிகர் லாரன்ஸ் ஒலிவியர் மாதிரி இவரும் 'சர்' ஆனவரா?

இல்லை, அது குடும்பப் பெயர். எஸ்மண்ட் பெனிங்டன் நைட் என்பது முழுப் பெயர். 'சர்' ஆனவர்களையும் ஆங்கிலத்தில் 'நைட்' என்பார்கள், அதனால் பெயர் போடும்போது 'நைட்' என்று வருவதைப் பார்த்துப் பட்டம் என்று நினைத்துக்கொள்கிறார்கள்.

பிறவியிலேயே கண் தெரியாதவரா?

இல்லை. 35 வயது வரை நன்றாகத் தெரிந்தது. 1941 மே 24 அன்று, இரண்டாம் உலகப் போரின் ஒரு கடற்சண்டையில் ஒரு கண் போயிற்று, மற்றது படுமோசமாகக் காயப்பட்டது. அடுத்த இரண்டு வருஷம் முழு இருட்டு. பிறகு வலக்கண்ணில் மட்டும் கொஞ்சம் பார்வை திரும்பியது.

ஆகவே 'பார்வையற்ற நடிகர்' என்று ஒரே சொல்லில் சொல்வதும் முழு உண்மையில்லை. நன்றாகத் தெரிந்த காலம், சுத்தமாகத் தெரியாத காலம், அரைகுறையாகத் தெரிந்த காலம் என்று மூன்று உண்டு. மூன்றிலும் நடித்தார். இவர் தொழிலைப் பற்றிப் பேசும்போது எந்தக் காலத்துப் படம் என்று கேட்டுக்கொள்வது நல்லது.

போருக்கு முன்னால் பெரிய ஸ்டாரா?

மேடையில் நல்ல பெயர். ஜோஹன் ஸ்ட்ராஸ் என்று ஒரே பெயர் கொண்ட இசையமைப்பாளர்களான தந்தை, மகன் கதையை வைத்து லண்டன் மேடையில் வந்த 'வால்ட்சஸ் ஃப்ரம் வியன்னா' என்ற இசை நாடகத்தில் மகனாக நடித்தார். 1934-ல் அதைப் படமாக எடுத்தபோதும் அதே வேடம். இயக்கியவர் யார் தெரியுமா? த்ரில்லர் படங்களுக்குப் பேர் போன ஹிட்ச்காக். ஆனால் தன் வாழ்க்கையிலேயே மிகத் தாழ்ந்த கட்டம் அது என்று ஹிட்ச்காக் பின்னாளில் பிரெஞ்சு இயக்குநர் த்ரூஃபோவிடம் சொன்னார். பாவம், நைட்டுக்குக் கிடைத்த ஹிட்ச்காக் படம் அதுவாகப் போயிற்று.

மறு வருஷம், 1935-ல், மைக்கேல் பவல் எடுத்த 'சம்டே' என்ற சின்னப் படத்தில் மார்கரெட் லாக்வுட்டோடு ஜோடியாக நடித்தார். அந்தப் படம் இன்று கிடைப்பதில்லை. ஆனால் பவலோடு அங்கே தொடங்கிய பழக்கம்தான் பின்னால் இவரைக் காப்பாற்றியது.

அந்தக் கப்பலில் அன்றைக்கு என்னதான் நடந்தது?

கப்பலின் பெயர் 'பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ்'. புத்தம்புதிய போர்க்கப்பல். எவ்வளவு புதியது என்றால், பீரங்கி மேடைகளில் பாக்கி வேலையை முடிக்கக் கட்டுமானத் தொழிலாளர்கள் சிலர் இன்னும் கப்பலிலேயே இருந்தார்கள். நைட் அதில் கடற்படைத் தன்னார்வப் பிரிவின் லெப்டினன்ட். ஜெர்மனியின் 'பிஸ்மார்க்' போர்க்கப்பல் அட்லாண்டிக் கடலுக்குள் நழுவப் பார்க்கிறது என்று தெரிந்து, கிரீன்லாந்துக்கும் ஐஸ்லாந்துக்கும் நடுவில் அதை மறிக்க இரண்டு கப்பல்கள் போயின. முன்னால் 'ஹூட்', பின்னால் 'பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ்'.

காலை ஆறு மணிக்குக் கொஞ்சம் முன்னால் சண்டை தொடங்கியது. பத்து நிமிடம் ஆவதற்குள் 'ஹூட்' வெடித்துப் பிளந்தது. 1,418 பேரில் பிழைத்தவர்கள் மூன்றே பேர். அடுத்த சில நிமிடங்களுக்குள் பிஸ்மார்க்கின் 38 சென்டிமீட்டர் குண்டு ஒன்று 'பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ்' கப்பலின் கட்டளை மேடையைத் துளைத்துக்கொண்டு போனது. அங்கே நின்றவர்களில் பெரும்பாலோர் இறந்தார்கள். கேப்டன் ஜான் லீச் உயிர் தப்பினார். விமான எதிர்ப்புக் காவலுக்காக மேலே நின்றிருந்த நைட்டுக்கு முகத்தில் காயம்.

அப்படியானால் அவர் கப்பல் தோற்றுப்போனதா?

அன்று காலைக் கணக்கில் ஆமாம், புகைத்திரை போட்டுப் பின்வாங்கியது. ஆனால் பின்வாங்கும் முன் பிஸ்மார்க் மீது மூன்று குண்டுகளை இறக்கியிருந்தது. எண்ணெய் கசிந்ததால் பிஸ்மார்க் பயணத்தை விட்டுவிட்டு பிரான்ஸ் பக்கம் திரும்ப வேண்டியதாயிற்று. மே 27 அன்று வழியிலேயே மூழ்கடிக்கப்பட்டது.

'பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ்' கப்பலின் முடிவு மலேசிய, சிங்கப்பூர்த் தமிழர்களுக்குத் தெரிந்த கதை. அதே வருஷம் நவம்பர் கடைசியில் கொழும்பைத் தொட்டு சிங்கப்பூர் வந்தது. டிசம்பர் 10 அன்று குவாந்தான் பக்கத்துக் கடலில் ஜப்பானிய விமானங்கள் அதை மூழ்கடித்தன. கேப்டன் லீச்சும் போனார். கண் போகாமல் இருந்திருந்தால் நைட்டும் அந்தக் கப்பலோடு அங்கே வந்திருக்கக்கூடும். இதைச் சொன்னால் "அப்போ கண் போனது நல்லதா?" என்று கேட்கிறார்கள். அந்தக் கணக்குக்கு நான் போவதில்லை.

சுத்தமாகக் கண் தெரியாதபோதே படத்தில் நடித்தாரா? எப்படி முடியும்?

நடித்தார். 1943-ல் வெளியான 'தி சில்வர் ஃப்ளீட்'. ஜெர்மானியர் பிடியில் இருந்த ஹாலந்தில் ஒரு கப்பல் கட்டும் தளம்தான் களம். ரால்ஃப் ரிச்சர்ட்சன் கதாநாயகன், நைட் நாஜி அதிகாரி. பவலும் அவர் கூட்டாளி எமெரிக் பிரஸ்பர்கரும் தயாரித்தார்கள். மேலே சொன்ன பழைய பழக்கம் உதவியது இங்கேதான். ஜெர்மன் குண்டில் கண்ணிழந்த மனிதரைக் கூட்டிவந்து ஜெர்மானியராகவே நிறுத்திவிட்டார்கள்.

எப்படி முடியும் என்றால், மேடையில் பதினைந்து வருஷம் பழகியவர். எத்தனை அடி நடந்தால் நாற்காலி, எந்தப் பக்கம் திரும்பினால் எதிராளியின் குரல் என்பது அப்படிப்பட்டவருக்கு உடம்பிலேயே பதிந்துவிடும். சினிமாவில் ஒரு ஷாட் சில விநாடிகள்தான். ஒத்திகை பார்த்துக்கொள்ளலாம், தப்பினால் மறுபடி எடுக்கலாம். படத்தில் அவர் பார்வையைக் கவனித்தால் கொஞ்சம் தூரத்தில் எதையோ முறைப்பது போல இருக்கும். வில்லனுக்கு அது பொருந்திவிட்டது.

அதே 1943-ல் அவர் தன்வரலாறும் வெளிவந்தது. தலைப்பை ஷேக்ஸ்பியரிடமிருந்து எடுத்துக்கொண்டார். உலகமே நாடக மேடை என்று தொடங்குமே, அந்தப் புகழ்பெற்ற பேச்சில் பீரங்கி வாய்க்குள்ளும் புகழ் என்னும் நீர்க்குமிழியைத் தேடிப் போகும் சிப்பாய் வருகிறான். அந்தக் குமிழிதான் தலைப்பு. இரண்டு வருஷம் முன்னால் நிஜமாகவே பீரங்கி முன் நின்ற நடிகர் இந்தத் தலைப்பை வைத்திருக்கிறார் என்றால் ஆளுக்கு நல்ல குசும்பு இருந்திருக்கிறது.

ஒலிவியரின் ஷேக்ஸ்பியர் படங்கள் எல்லாவற்றிலும் இருக்கிறாரே?

ஒலிவியரே இயக்கி நடித்த மூன்றிலும் இருக்கிறார். 'ஹென்றி V' (1944) படத்தில் வேல்ஸ்காரக் கேப்டன் ஃப்ளூவெலன். தன் நாட்டுச் சின்னமான லீக் கீரையைக் கேலி செய்தவனை, அடித்து அந்தக் கீரையையே தின்ன வைக்கும் காட்சி இவருடையது. மூன்றில் பெரிய வேடமும் இதுதான், எனக்குப் பிடித்ததும் இதுதான். 'ரிச்சர்ட் III' (1955) படத்தில் ராட்கிளிஃப்.

'ஹாம்லெட்' (1948) படத்தில் காவல் வீரன் பெர்னார்டோ. சின்ன வேடம். ஆனால் நாடகத்தின் முதல் வசனம் அவனுடையது: "யாரங்கே?" நள்ளிரவு, பனிமூட்டம், கோட்டைச் சுவர், எதிரே நிற்பவன் யாரென்று தெரியாத காவலாள். படம் பார்க்கும் யாருக்கும் விஷயம் தெரியாது. தெரிந்துகொண்டு பார்த்தால் அந்த இரண்டு சொல் வேறு மாதிரி கேட்கிறது.

படத்தில் பார்த்தால் ஒன்றும் தெரியவில்லையே? நீங்கள் சொல்லித்தான் தெரிகிறது.

அதுதான் வேண்டியதும். இவருக்காகக் கண் தெரியாத வேடங்களை எழுதி அனுதாபம் வாங்கித் தரவில்லை. பார்ப்பதே பிழைப்பாக உள்ளவர்களின் வேடங்களைக் கொடுத்தார்கள். இப்போது சொன்ன காவல் வீரன் ஒன்று. 'தி ரெட் ஷூஸ்' (1948) படத்தில் லிவி என்ற ஆர்க்கெஸ்ட்ரா நடத்துநர் இன்னொன்று. 'தி ஸ்பை ஹூ கேம் இன் ஃப்ரம் தி கோல்ட்' (1965) படத்தில் நீதிபதி. இன்னும் இரண்டு இருக்கிறது, அவற்றுக்குத் தனிக் கேள்வியே கீழே வருகிறது.

இவரைப் பற்றி எழுதுகிறவர்கள் 'தன்னம்பிக்கையின் சிகரம்' என்கிற பாணியில் ஆரம்பிப்பது எனக்கு ஒத்துவராததும் இதனால்தான். அவர் வேலைக்குப் போனார், கூலி வாங்கினார், அடுத்த வேலைக்குப் போனார். பல சின்ன வேடங்கள், சில சுமார்.

ஒரே படத்தில் மூன்று வேடமாமே?

'எ கேன்டர்பரி டேல்' (1944). மூன்று வேடம் என்றதும் நம் ஊர் பாணியில் எதிர்பார்த்துவிடாதீர்கள். ஆரம்பத்தில் பழைய ஆங்கிலக் கவிஞர் சாசரின் முன்னுரையைப் படிக்கும் குரல் இவருடையது. நடுவில் ஒரு சிப்பாயாக வருவார், இன்னொரு இடத்தில் ஊர்ப் பைத்தியமாக வருவார். மூன்றும் ஒரே ஆள் என்று முதல் தடவை பார்த்தபோது எனக்கும் தெரியவில்லை.

'பிளாக் நார்சிசஸ்' படத்தில் இவர் இந்தியரா? முகத்தில் சாயம் பூசிக்கொண்டா?

ஆமாம். 1947-ல் வந்த பவல், பிரஸ்பர்கர் படம். இமயமலையில் ஒரு பழைய அரண்மனையைக் கன்னிமார் மடமாக்கும் கதை. அந்த இடத்தைக் கொடுக்கும் முதிய ஜெனரல்தான் நைட். இமயமலையெல்லாம் இங்கிலாந்தின் பைன்வுட் ஸ்டுடியோவில் வரைந்த திரைகள். வெளிப்புறக் காட்சிகள் சில சசெக்ஸ் மாவட்டத்து லியோனார்ட்ஸ்லீ தோட்டத்தில் எடுத்தவை.

மைசூர்ப் பக்கத்து யானைப்பாகன் வீட்டுப் பிள்ளையான சாபு இளைய ஜெனரலாக நடிக்க, பக்கத்திலேயே வெள்ளைக்காரர்கள் சாயம் பூசிக்கொண்டு இந்தியராக நடிப்பது இன்று பார்க்க நெருடத்தான் செய்கிறது. ஆங்கில நடிகை ஜீன் சிம்மன்ஸும் அப்படியே. அந்தக் கால வழக்கம் என்று சொல்லித் தள்ளிவிடலாம். ஆனால் சாபுவை வரவழைக்க முடிந்தவர்களால் இன்னும் நாலு பேரை வரவழைத்திருக்க முடியாதா? படம் அற்புதமான படம். அந்த ஜெனரல் வேடம் இவருக்குப் பெருமை சேர்ப்பது அல்ல.

நிஜ இந்தியாவுக்கு வந்தாரா?

வந்தார், அதுவும் மனைவியோடு. பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவாரின் 'தி ரிவர்' (1951) கல்கத்தாவுக்குப் பக்கத்தில் ஹூக்ளி நதிக்கரையில் எடுக்கப்பட்டது. சணல் ஆலை நடத்தும் ஆங்கிலக் குடும்பத்தின் அப்பா எஸ்மண்ட் நைட், அம்மா நோரா ஸ்வின்பர்ன். இருவரும் நிஜத்தில் 1946-ல் மணந்தவர்கள். நைட்டுக்கு அது இரண்டாவது திருமணம். ரெனுவார் இடம் தேடி அலைந்தபோது கூடச் சென்ற இளைஞர் சத்யஜித் ராய். படப்பிடிப்பை ஓரமாக நின்று பார்த்துக் குறிப்பெடுத்த சுப்ரதா மித்ரா பின்னால் ராயின் ஒளிப்பதிவாளர் ஆனார்.

இன்னொரு சேதி. அதே படத்தில் காலிழந்த அமெரிக்கச் சிப்பாயாக நடித்த தாமஸ் பிரீனும் நிஜமாகவே போரில் கால் இழந்தவர். அவருடைய காயம்தான் கதையே. நைட்டின் காயத்தைப் பற்றி விளம்பரம் இல்லை, அவர் தன் பாட்டுக்கு வீட்டுத் தலைவராக வந்து போகிறார்.

அந்தப் படத்தில் நம் ஊர்ப் பெண் ஒருவர் ஆடுகிறாரே, அவர் யார்?

அடையாறில் பிறந்த ராதா. பெயர் போடும்போது அப்படி ஒற்றைப் பெயர்தான் வரும், பிற்காலத்தில் ராதா பர்னியர். ருக்மிணி தேவி அருண்டேல் இவருக்கு அத்தை. கலாக்ஷேத்ராவில் பயின்றவர். மெலனி என்ற வேடம், நடுவில் பரதமும் உண்டு. சினிமாவில் தொடரவில்லை. 1980 முதல் 2013-ல் இறக்கும்வரை அடையாறு தியாசபிகல் சொசைட்டியின் தலைவராக இருந்தார். இந்தப் பக்கத்தின் நாயகர் நைட்தான் என்றாலும், 'தி ரிவர்' பார்த்தால் கண் ராதாவிடம்தான் போகும்.

கண்ணிழந்த அதே கப்பலின் கேப்டனாக நடித்தார் என்பது யாரோ கட்டிவிட்ட கதைதானே?

நிஜம். 1960-ல் லூயிஸ் கில்பர்ட் இயக்கிய 'சிங்க் தி பிஸ்மார்க்!' படத்தில் 'பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ்' கப்பலின் கேப்டனாக வருகிறார். அதாவது, மேலே சொன்னேனே, ஜான் லீச், அவர் வேடம். காட்சி கொஞ்ச நேரம்தான். கதாநாயகன் கென்னத் மோர் லண்டனில் நிலவறை அலுவலகத்தில் உட்கார்ந்திருப்பார், கடற்சண்டை இடையிடையே வரும்.

பத்தொன்பது வருஷம் முன்னால் தான் கடைசியாக முழுப் பார்வையோடு பார்த்த அந்தக் காலையை, ஸ்டுடியோவில் போட்ட கட்டளை மேடையில் நின்று, அரைகுறைப் பார்வையோடு மறுபடி நடித்திருக்கிறார். முகத்தில் ஏதாவது தெரிகிறதா என்று நான் நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை. கப்பல் கேப்டன் மாதிரி நிற்கிறார், அவ்வளவுதான்.

'பீப்பிங் டாம்' படத்தில் கண் தெரியாதவரை சினிமா இயக்குநராகப் போட்டது கேலிதானே?

கேலிதான், ஆனால் யாரைக் கேலி செய்வது என்று பார்க்க வேண்டும். இதுவும் 1960. பவல் எடுத்த படம். பெண்களைக் கொன்று அந்தப் பயத்தைப் படம் பிடிக்கும் கேமரா உதவியாளனின் கதை. முழுக்க முழுக்கப் பார்ப்பதைப் பற்றிய படம். அதில் ஸ்டுடியோவில் ஓர் அசட்டுப் படத்தை எடுத்துக்கொண்டிருக்கும் ஆர்தர் பேடன் என்ற இயக்குநர்தான் நைட். மயக்கம் போட்டு விழத் தெரியாத நடிகையை வைத்துக்கொண்டு திரும்பத் திரும்ப எடுத்துச் சலிப்பார்.

தன் பக்கத்திலேயே கொலைகாரன் கேமராவோடு நிற்பதைக் காணாத இயக்குநர். அதற்கு இருபத்தைந்து வருஷப் பழைய நண்பரைப் பவல் நிறுத்துகிறார், நண்பரும் சிரித்துக்கொண்டே நிற்கிறார். அடி விழுவது சினிமா உலகத்துக்கு என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. விமர்சகர்கள் படத்தைக் கிழித்துத் தொங்கவிட்டார்கள், இங்கிலாந்தில் பவலின் தொழிலே ஏறக்குறைய அத்தோடு படுத்துவிட்டது. அப்புறம்தான் அதை மகத்தான படம் என்றார்கள்.

'ஐ நோ வேர் ஐம் கோயிங்!' படத்தில் கழுகு வளர்க்கும் நைட் இவர்தானே?

இல்லை. 1945-ல் வந்த அந்தப் படத்தில் கழுகோடு வரும் கர்னல், இவருடைய சித்தப்பா கேப்டன் சி. டபிள்யூ. ஆர். நைட். வேட்டைப் பறவைகளைப் பழக்குவதில் பேர் பெற்றவர். கழுகும் அவருடையதே, மிஸ்டர் ராம்ஷா என்று பெயர். இருவரும் பவல் படங்களில் வருவதால் இந்தக் குழப்பம்.

ரோசலிண்ட் நைட் இவருக்கு உறவா?

மகள், முதல் மனைவி ஃபிரான்சஸ் கிளேருக்குப் பிறந்தவர். 'கேரி ஆன்' நகைச்சுவைப் படங்களிலும், வயதான பிறகு 'ஃப்ரைடே நைட் டின்னர்' தொடரில் கடுகடுப்பான பாட்டியாகவும் வந்தவர். இன்றைய பிரிட்டிஷ் ரசிகர்களுக்கு அப்பாவைவிட மகளைத்தான் தெரியும். 2020-ல் காலமானார்.

வயதான பிறகு என்ன செய்தார்?

நிற்காமல் நடித்தார். 'டாக்டர் ஹூ' தொடரில் 1969-ல் வந்த 'தி ஸ்பேஸ் பைரேட்ஸ்' கதையில் ஒரு வேடம். அந்தக் கதையின் ஆறு பகுதிகளில் இரண்டாவது மட்டுமே இன்று காட்சியோடு மிஞ்சியிருக்கிறது. அதே வருஷம் 'ஆன் ஆஃப் தி தௌசண்ட் டேஸ்' படத்தில் கிங்ஸ்டன், கூடவே நோரா ஸ்வின்பர்ன் லேடி கிங்ஸ்டன். 1976-ல் 'ஐ, கிளாடியஸ்' தொடர், 'ராபின் அண்ட் மரியன்' படம்.

1984-ல் லார்ஸ் வான் டிரியர் என்ற இளம் டேனிஷ் இயக்குநர் தன் முதல் முழுநீளப் படமான 'தி எலிமெண்ட் ஆஃப் கிரைம்' எடுத்தபோது, கொலைகாரனைப் பிடிக்க முறை கற்றுத்தரும் முதிய குரு ஆஸ்போர்னாக நைட்டைப் போட்டார். ஹிட்ச்காக்கில் தொடங்கி வான் டிரியர் வரை!

சரி, எதிலிருந்து பார்க்க ஆரம்பிக்கலாம்?

பொறுமை இருந்தால் 'ஹென்றி V', ஃப்ளூவெலனுக்காக. நல்ல வேடம் ஒன்றே போதும் என்றால் பவல், பிரஸ்பர்கரின் 'கான் டு எர்த்' (1950). அதில் தேனீ வளர்த்து, யாழ் வாசித்து, சவப்பெட்டி செய்து பிழைக்கும் கிராமத்துக் கிழவர், ஜெனிஃபர் ஜோன்ஸின் அப்பா. இவருக்கு முழுசாக ஆட இடம் கிடைத்த வேடம்.

'தி சில்வர் ஃப்ளீட்' படத்தைக் கடைசியில் பாருங்கள். விஷயம் தெரிந்தபின் முதலில் அதைப் பார்த்தால் கதையைக் கவனிக்க முடியாது, ஒவ்வொரு காட்சியிலும் அவர் எதன்மேலாவது இடித்துக்கொள்வாரோ என்றே பார்த்துக்கொண்டிருப்பீர்கள். நான் அப்படித்தான் பார்த்தேன். எங்கேயும் இடிக்கவில்லை.